உருகுவதும் உருக்குவதும்: தொடக்ககால ஆவணப்படங்களில் எஃகு

தமிழ் நெடுங்கணக்கைக் கற்கும் குழந்தை ஆய்த எழுத்தை அடைந்ததும் பெரும்பாலும் சந்திக்கும் முதற்சொல் ‘எஃகு’. அதே பொருளுக்கு நம் மொழியில் ‘உருக்கு’ என்னும் பெயரும் உண்டு. முன்னது பொருளை மட்டும் சுட்டும். பின்னது அப்பொருளை ஆக்கும் தொழிலையும் தன்னுள் கொண்டிருக்கும். ‘உருகு’ என்பது தன்வினை. ‘உருக்கு’ என்பது பிறவினை. இரும்பு உருகுகிறது என்று சொன்னால் இரும்பே எழுவாய். இரும்பை உருக்குகிறார் என்று சொன்னாலோ, உருக்குபவர் ஒருவர் இருந்தே ஆக வேண்டும்.

இலக்கண வகுப்பில் நாம் எளிதாகக் கடந்துவிடும் இவ்வேறுபாடு, திரைப்பட வரலாற்றின் ஒரு பகுதியை விளங்கிக்கொள்ளப் பெரிதும் உதவுகிறது. எஃகு பிறக்கும் இடத்தை நம்மில் மிகச் சிலரே நேரில் கண்டிருப்போம். எனினும் ‘எஃகு ஆலை’ என்றதும் இருண்ட கூடமும், பொறி மழையும், நெருப்பாறாய் வழியும் உலோகமும் நம் மனக்கண்முன் தோன்றுகின்றன. இக்காட்சி திரைப்படத்தின் வழியாக நமக்குக் கிடைத்தது. அதனை முதலில் பதிவுசெய்தவர்கள் இரும்பு உருகுவதைக் காட்டினார்களா, மனிதர் உருக்குவதைக் காட்டினார்களா என்பதே இக்கட்டுரை ஆராயும் வினா. அதற்காக 1904, 1930, 1931 ஆகிய ஆண்டுகளில் மூன்று நாடுகளில் எடுக்கப்பட்ட படங்களை எடுத்துக்கொள்வோம்.

உலையின் இயல்பும் படக்கருவியின் தேவையும்

இரும்புத்தாது, கல்கரி, சுண்ணாம்புக்கல் ஆகியவற்றை ஊதுலையில் இட்டுச் சூடேற்றிய காற்றைச் செலுத்தினால் உருகிய இரும்பு கிடைக்கும். அதில் ஏறத்தாழ 4 விழுக்காடு கரிமம் கலந்திருக்கும். ஆதலால் அது கடினமானதாயினும் எளிதில் உடையும். அக்கரிமத்தின் பெரும்பகுதியை நீக்கினால் வளையவும் தாங்கவும் வல்ல எஃகு உருவாகும். ஹென்றி பெஸ்ஸெமர் 1856இல் அறிவித்த முறையில், உருகிய இரும்பின் ஊடே காற்றைச் செலுத்துவர். ஏறத்தாழ 20 நிமிடங்களில் பணி முடியும். கலத்தின் வாயிலிருந்து பெருஞ்சுடர் எழும். பின்னர்ப் பரவிய திறந்த அடுப்பு முறையில் எஃகின் தரத்தை நன்கு கட்டுப்படுத்தலாம். ஆனால் ஓர் உலை பக்குவமடையப் பல மணி நேரம் ஆகும். அந்நேரமெல்லாம் தொழிலாளர் உலையினுள் பொருள்களை வாரி இடுவர். உலையின் சுவரைச் செப்பனிடுவர். உலோகத்தின் நிறத்தைப் பார்த்துப் பக்குவம் அறிவர். இறுதியில் உலைவாயைத் திறந்து உலோகத்தைப் பாயவிடுவது மிகக் குறைந்த நேரமே நடைபெறும் செயல்.

இப்போது படக்கருவியின் தேவைகளைப் பார்ப்போம். திரைப்படத்தின் தொடக்க ஆண்டுகளில் ஒரு படம் ஓரிரு நிமிடங்களோ சில நிமிடங்களோதான் ஓடும். அக்காலப் படச்சுருளுக்கு மிகுந்த ஒளி வேண்டும். அது நீல ஒளியை நன்கு உணரும். சிவப்பு ஒளியை ஏறக்குறைய உணராது. தொழிற்கூடத்தின் உட்பகுதியோ இருண்டது. அங்கே ஒளி தருவது பெரும்பாலும் உருகிய உலோகமே.

இதன் விளைவை எண்ணிப் பாருங்கள். 1,500 பாகை செல்சியசுக்கு மேல் உருகிய நிலையிலுள்ள எஃகு வெண்மையாய் ஒளிரும். அவ்வொளி படச்சுருளில் பதியும். அதே எஃகு ஆறிச் சிவந்த கட்டியாகும்போது, கண்ணுக்குச் செக்கச்செவேலெனத் தெரிந்தாலும் படத்தில் கருங்கட்டையாய் மங்கிவிடும். தொட்டவர் கையைப் பொசுக்கும் வெம்மை அதில் இன்னும் இருக்கும். படம் பார்ப்பவர் அதனை அறியார். அருகில் நிற்கும் தொழிலாளரோ ஒளியின் முன் நிழலுருவாய்த் தெரிவார். ஒளியைத் தேடிச் செல்லும் கருவி உலோகத்தையே தலைவனாக்கியது. பல மணி நேர உழைப்பில் உலைவாய் திறக்கும் சில நிமிடங்களையே அது தேர்ந்தெடுத்தது. தொழில்நுட்பத்தின் வரையறையே முதல் தேர்வைச் செய்துவிட்டது எனலாம்.

1904: பிட்ஸ்பர்க் நகரின் ஒளிக்கூடங்கள்

இத்தகைய படங்களுள் இன்றும் நாம் காணக்கூடிய சிறந்த தொகுப்பு, அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் வட்டாரத்திலிருந்த வெஸ்டிங்ஹவுஸ் தொழிற்சாலைகளில் எடுக்கப்பட்டதாகும். 1904ஆம் ஆண்டு ஏப்ரல், மே மாதங்களில் அமெரிக்கன் மியூடோஸ்கோப் அண்ட் பயோகிராஃப் நிறுவனத்தின் ஒளிப்பதிவாளர் பில்லி பிட்சர் அப்படங்களை எடுத்தார். பின்னாளில் இயக்குநர் டி. டபிள்யூ. கிரிஃபித்தின் ஒளிப்பதிவாளராகப் பெரும்புகழ் பெற்றவர் இவரே. இத்தொகுப்பில் 21 படங்கள் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் பாதுகாக்கப்பட்டுள்ளன.

வெஸ்டிங்ஹவுஸ் எஃகு ஆக்கும் ஆலையன்று. உலோகத்தை உருக்கி, வார்த்து, அடித்து, தொடர்வண்டித் தடைக்கருவிகளும் மின்னாக்கிகளும் விசையாழிகளும் செய்த நிறுவனம். ஆயினும் உலைவாய் திறத்தல், அச்சில் வார்த்தல், நீராவிச் சம்மட்டியால் அடித்தல், பெரிய வளையத்தைப் பற்றவைத்தல் முதலிய உலோகத் தொழிலின் அடிப்படைச் செயல்கள் இப்படங்களில் இடம்பெற்றுள்ளன.

இருண்ட கூடத்தில் எவ்வாறு படமெடுத்தனர்? கூப்பர் ஹெவிட் பாதரச ஆவி விளக்குகளைப் பயன்படுத்தினர். அவ்விளக்கின் ஒளி நீலப்பச்சையானது. சிவப்பு அதில் ஏறக்குறைய இல்லை. அவ்வொளியில் மனித முகம் வெளிறித் தோன்றும். ஆனால் நீலத்தை விரும்பும் படச்சுருளுக்கு அது மிகப் பொருத்தமாய் அமைந்தது. அவ்விளக்கை உருவாக்கிய நிறுவனமும் வெஸ்டிங்ஹவுஸின் ஆதரவில் இயங்கியதே. ஆக, தொழிற்சாலையும் விளக்கும் ஒரே குழுமத்தைச் சார்ந்தவை. கூடத்தின் மேலே ஓடும் பாரந்தூக்கியில் படக்கருவியை ஏற்றி, கூடத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை நகர்த்தியும் எடுத்தனர். கீழே எந்திரங்களும் மனிதர்களும் வரிசை வரிசையாய்க் கடந்து செல்வதை அக்காட்சியில் காணலாம். தொழிற்சாலையின் பரப்பைக் காட்ட அதைவிடச் சிறந்த வழி அன்று இல்லை.

எனினும் அது மேலிருந்து நோக்கும் பார்வை. எடுக்கப்பட்ட நோக்கத்தையும் அது உணர்த்துகிறது. அதே ஆண்டில் செயின்ட் லூயிஸ் நகரில் நடைபெற்ற உலகக் கண்காட்சியில், நிறுவனத்தின் சொந்த அரங்கில் இப்படங்கள் திரையிடப்பட்டன. வாங்குவோரும் முதலீட்டாளரும் பொதுமக்களும் நிறுவனத்தின் ஆற்றலைக் கண்டு வியக்க வேண்டும் என்பதே குறிக்கோள்.

இருப்பினும் படக்கருவி, தன்னை அமர்த்தியவர் கேட்டதை மட்டுமே பதிவுசெய்வதில்லை. பெண் தொழிலாளர்கள் வேலைக்கு நுழையும்போது நேர வில்லைகளை எடுத்துச் செல்லும் ஒரு படம் இத்தொகுப்பில் உண்டு. ஒருவர்பின் ஒருவராய் விரைந்து கடக்கும் அவர்களின் உடை, நடை, வயது, முகக்குறிப்பு அனைத்தும் பதிவாகியுள்ளன. நிறுவனத்தின் ஒழுங்கைக் காட்ட எடுத்த படம், அப்பெண்கள் அங்கே இருந்தார்கள் என்பதற்குச் சான்றாகிவிட்டது. ஆனால் அவர்களின் பெயர் படத்தில் இல்லை.

இவை அழியாமல் கிடைத்ததற்கும் சட்டமே காரணம். 1912க்கு முன் அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் திரைப்படம் என்னும் தனிவகை இல்லை. ஆதலால் நிறுவனங்கள் படத்தை நீண்ட காகிதச் சுருளில் அச்சிட்டு, ஒளிப்படங்களாகப் பதிவுசெய்தன. எளிதில் தீப்பற்றும் மூலச்சுருள்கள் பல அழிந்தன, காகிதம் எஞ்சியது.

சட்டகத்துக்கு வெளியே

படம் எடுக்கப்பட்ட மூன்றாண்டுகளுக்குப்பின், அதே வட்டாரத்துக்கு வேறொரு குழு வந்தது. ரசல் சேஜ் அறக்கட்டளையின் நிதியுதவியுடன் 1907, 1908ஆம் ஆண்டுகளில் நடைபெற்ற ‘பிட்ஸ்பர்க் கள ஆய்வு’ ஒரு தொழில்நகரத்தின் வாழ்வை முழுமையாக ஆராய முனைந்தது. அக்குழுவில் ஒருவரான கிரிஸ்டல் ஈஸ்ட்மன், பிட்ஸ்பர்க் அமைந்துள்ள அலகெனி மாவட்டத்தில் 1906 ஜூலை முதல் 1907 ஜூன் வரை நிகழ்ந்த வேலையிட மரணங்களை ஒவ்வொன்றாக விசாரித்தார். ஓராண்டில் 526 பேர் வேலையில் இறந்திருந்தனர். அவர்களுள் 195 பேர் எஃகுத் தொழிலாளர்கள். இவ்வெண்ணிக்கை மாவட்டம் முழுவதற்கும் உரியது. தனியொரு நிறுவனத்துக்கு உரியதன்று. 1910இல் வெளிவந்த அவரது நூல், தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டங்கள் உருவாக வலுவான காரணமாயிற்று.

அதே ஆய்வில் ஜான் ஃபிட்ச் எஃகுத் தொழிலாளரின் வேலைநேரத்தை விவரித்தார். நாளொன்றுக்கு 12 மணி நேர வேலை பரவலாக இருந்தது. பகல் முறையும் இரவு முறையும் மாறும் நாளில் பலர் 24 மணி நேரம் தொடர்ந்து உழைத்தனர். 1892இல் ஹோம்ஸ்டெட் ஆலைப் போராட்டம் தோற்கடிக்கப்பட்டபின், அவ்வட்டார ஆலைகளில் தொழிற்சங்கம் வலுவிழந்திருந்தது. 12 மணி நேர வேலைமுறையை அந்நாட்டின் பெரிய எஃகு நிறுவனங்கள் கைவிடத் தொடங்கியது 1923இல்தான்.

இவ்வாய்வுக்காக ஒளிப்படம் எடுத்தவர் லூயிஸ் ஹைன். மின்னொளித் தூளைப் பற்றவைத்து, தமக்கு வேண்டிய ஒளியைத் தாமே கொண்டுசென்றவர் அவர். உலோகத்தின் ஒளியை நம்பியிராததால், தொழிலாளரின் முகத்தை அவரால் காட்ட முடிந்தது. 1904ஆம் ஆண்டுப் படம் பொய் சொல்லவில்லை. உலை அவ்வாறே எரிந்தது. உலோகம் அவ்வாறே பாய்ந்தது. ஆனால் 12 மணி நேரத்தையும், களைப்பையும், விபத்தையும் அறிய நாம் அப்படத்துடன் அறிக்கையையும் ஒளிப்படத்தையும் சேர்த்துப் படிக்க வேண்டும். ஒரு சான்றின் குறையை மற்றொரு சான்று நிறைவுசெய்கிறது.

1930: உலைக்கு ஒலி வந்தது

ஊமைப்படக் காலத்தில் எஃகு ஆலை ஓசையற்ற இடமாயிருந்தது. நேரில் சென்றவரை முதலில் தாக்குவது அதன் பேரோசையே; திரையிலோ நீராவிச் சம்மட்டி சத்தமின்றி விழுந்தது. இக்குறையைத் துணிந்து எதிர்கொண்டவர் சோவியத் இயக்குநர் ஸீகா வெர்டோவ். உக்ரைனின் டோன்பாஸ் வட்டாரத்து நிலக்கரிச் சுரங்கங்களிலும் எஃகு ஆலைகளிலும் 1930இல் அவர் எடுத்த ‘எந்துசியாசம்: டோன்பாஸ் சிம்ஃபனி’ என்னும் படம் 1931இல் வெளிவந்தது. ஒலிப்பதிவு என்றால் அடைத்த அரங்கில்தான் என்று பலரும் எண்ணிய காலத்தில், கனமான கருவிகளைச் சுரங்கத்துக்கும் ஆலைக்கும் கொண்டுசென்று அங்குள்ள ஓசைகளையே அவர் பதிவுசெய்தார். ஆலைச்சங்கின் ஒலியையும் சம்மட்டியின் அடியையும் உருளைகளின் உராய்வையும் இசைக்கருவிகளைப்போல் கோத்தார். சார்லி சாப்ளின் அப்படத்தைக் கண்டு, எந்திர ஓசைகளை இத்துணை அழகாக அமைக்கலாம் என்பதைத் தாம் அறிந்திருக்கவில்லை எனப் பாராட்டினார். உள்நாட்டுத் திறனாய்வாளர் சிலரோ அதை வெறும் இரைச்சல் என்றனர்.

இங்கே படத்துக்கு ஆதரவளித்தது தனியார் நிறுவனமன்று, அரசு. 1928இல் தொடங்கிய முதலாம் ஐந்தாண்டுத் திட்டத்தின் இலக்குகளை எட்ட மக்களைத் தூண்டுவதே நோக்கம். முதலாளியின் ஆற்றலைக் காட்டுவதற்கு மாறாக, உழைப்பாளியின் எழுச்சியைப் படம் கொண்டாடியது. அதனால் தொழிலாளர் நிழலுருவாய் நில்லாமல் முன்னே வந்தனர். உழைக்கும் உடலின் அசைவே படத்தின் தாளமாயிற்று. அது உண்மையான வளர்ச்சி. ஆயினும் அத்தொழிலாளர் சோர்வடைவதில்லை, வினவுவதில்லை, மறுப்பதில்லை. திட்டம் தந்த இலக்கை முழங்குவதற்கே அவர்களின் குரல் பயன்பட்டது. படத்தின் பிற்பகுதி நாட்டுப்புறத்துக்குச் சென்று, கூட்டுப்பண்ணையின் அறுவடையைக் கொண்டாட்டமாகக் காட்டுகிறது. 1932, 1933ஆம் ஆண்டுகளில் அதே உக்ரைனில் நேர்ந்த பஞ்சத்தில் மில்லியன் கணக்கானோர் மாண்டனர். படம் எடுக்கப்பட்டபோது அப்பஞ்சம் இன்னும் வரவில்லை. ஆனால் தானியத்தைக் கட்டாயமாகக் கொள்முதல் செய்யும் முறை நடைமுறைக்கு வந்திருந்தது. அவ்வறுவடைக் காட்சியை இன்று காண்பவர் அதனையும் அறிந்தே காண வேண்டும்.

1931: முகம் வந்தது, குரல் வரவில்லை

மூன்றாவது படம் பிரிட்டனைச் சார்ந்தது. ‘ஆவணப்படம்’ என்று நாம் இன்று கூறும் வகைக்குரிய ஆங்கிலச் சொல்லை 1926இல் ஒரு திரைப்பட மதிப்புரையில் பயன்படுத்தி, பின்னர் அதனை ஓர் இயக்கமாக வளர்த்தவர் ஜான் கிரியர்சன். பேரரசின் வணிகத்தை வளர்க்க அமைக்கப்பட்ட எம்பயர் மார்க்கெட்டிங் போர்டு என்னும் அரசு வாரியத்தில் அவர் ஒரு திரைப்படப் பிரிவை நடத்தினார். ‘நானூக் ஆஃப் த நார்த்’ படத்தால் புகழ்பெற்ற ராபர்ட் ஃபிளாஹெர்ட்டியை அவர் 1931இல் அழைத்து, பிரிட்டனின் தொழில்களைப் படமெடுக்கச் செய்தார். ஃபிளாஹெர்ட்டி தாராளமாகப் படச்சுருளைச் செலவிடுபவர். வாரியத்தின் பணமோ சிறிது. பணம் தீர்ந்ததும் அவர் விலக, எஞ்சிய பணியைக் கிரியர்சன் குழுவினர் முடித்தனர். ‘இண்டஸ்ட்ரியல் பிரிட்டன்’ என்னும் பெயரில் அது 1933இல் திரையரங்குகளுக்கு வந்தது.

இதற்குள் எல்லா நிறங்களையும் உணரும் படச்சுருள் பரவலாகியிருந்தது. கண்ணாடி ஊதுபவர், மட்பாண்டம் வனைபவர், எஃகுத் தொழிலாளர் ஆகியோரின் முகத்தையும் கையையும் ஃபிளாஹெர்ட்டி அருகிருந்து காட்டினார். புகைக்கும் எந்திரத்துக்கும் பின்னால் கைவினைஞரின் நுண்திறன் நிற்கிறது என்பதே படத்தின் கருத்து. உலோகத்தின் பக்குவத்தைக் கண்ணால் அளக்கும் ஒருவரின் முகத்தைப் பார்க்கும்போது, உருக்குதல் ஓர் அறிவு என்பது நமக்குப் புலனாகிறது. முன்னிரு படங்களிலும் இவ்வளவு நெருக்கம் இல்லை.

ஆனால் அம்முகங்கள் பேசுவதில்லை. படத்தின் விளக்கவுரையைப் பேசியவர் டொனால்ட் கால்த்ராப் என்னும் நடிகர். தொழிலாளரைப் பற்றி நமக்குச் சொல்லப்படுகிறது. தொழிலாளர் நமக்குச் சொல்வதில்லை. பிரிட்டிஷ் கைத்திறனைப் போற்றிய அப்படம் வெளிவந்த 1933இன் தொடக்கத்தில், அந்நாட்டில் வேலையற்றோராய்ப் பதிவுசெய்தவர்கள் ஏறத்தாழ 3 மில்லியன் பேர். எஃகுத் தொழிலும் கப்பல் கட்டும் தொழிலும் கடுமையாகத் தாக்குண்டிருந்தன. வேலையற்றுத் தெருமுனையில் நிற்கும் கைவினைஞர் அச்சட்டகத்தினுள் இடம்பெறவில்லை. தொழிலாளர் தம் சொந்தக் குரலில் படக்கருவியை நோக்கிப் பேசும் நிலை, 1935இல் வெளிவந்த ‘ஹவுசிங் பிராப்ளம்ஸ்’ போன்ற படங்களில்தான் பிரிட்டனில் தொடங்கியது. அதுவும் ஆலையிலன்று, அவர்கள் வாழ்ந்த சேரி வீடுகளில். உலையின் செந்நிறமும் பின்னர் வந்தது: பிரிட்டிஷ் கவுன்சிலின் ஆதரவில் 1945இல் ‘ஸ்டீல்’ என்னும் படம் டெக்னிகலர் வண்ணத்தில் வெளிவந்தது.

வகுப்பறையில் இப்படங்கள்

மூன்று படங்களையும் ஒப்பிட்டால் ஒரு பொதுத்தன்மை தெளிவாகும். ஒளி, ஒலி, முகம் என ஒவ்வொரு கட்டத்திலும் கருவி ஒரு தடையைத் தாண்டியது. ஆலையின் உண்மைக்கு ஓரடி நெருங்கியது. அதே வேளையில், நிறுவனமோ அரசோ வாரியமோ செலவை ஏற்றுக்கொண்டது. எதைக் காட்டுவது என்பதையும் அதுவே பெரும்பாலும் வரையறுத்தது. ஆகவே தொழில்நுட்பம் வளர்ந்தால் உண்மை தானே முழுமையாகிவிடும் என்று கருதுவதற்கில்லை. இக்காலப் படங்களுக்கும் இது பொருந்தும்.

ஆசிரியர்கள் இத்தகைய படமொன்றை வகுப்பில் திரையிடும்போது நான்கு வினாக்களை மாணவர்முன் வைக்கலாம். இக்காட்சிக்கு ஒளி எங்கிருந்து வருகிறது? படத்துக்குப் பணம் தந்தவர் யார்? நாம் கேட்கும் குரல் யாருடையது? இதே இடத்தைப் பற்றி வேறு எச்சான்று கிடைக்கிறது? அதன்பின் படத்தை ஒலியின்றி மீண்டும் திரையிட்டு, ஒளிரும் உலோகத்தைப் பாராமல் இருண்ட பகுதியை மட்டும் பார்க்கச் சொல்லலாம். அங்கே ஒருவர் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார், ஒருவர் பின்வாங்குகிறார், ஒருவர் மற்றொருவருக்குச் சைகை காட்டுகிறார் என மாணவர்கள் கண்டுபிடிப்பார்கள். அக்கண்டுபிடிப்பைத் தமிழில் எழுதும்போது ஒரு விதியைக் கூறுங்கள்: தன்வினையில் எழுதிய தொடர் ஒவ்வொன்றையும் பிறவினையிலும் எழுத வேண்டும். ‘உலோகம் பாய்ந்தது’ என்று எழுதிய மாணவர், ‘உலோகத்தைப் பாய்ச்சினார்’ என்று எழுத முற்படும்போது எழுவாயைத் தேடித் திரையை மறுபடியும் பார்ப்பார்.

இப்பயிற்சி அயல்நாட்டுப் படங்களோடு நிற்பதன்று. கிரியர்சன் வளர்த்த மரபின் செல்வாக்கு இப்பகுதிக்கும் வந்தது. 1946இல் மலாயன் திரைப்படப் பிரிவு தொடங்கப்பட்டது. அக்காலத்து ஆவணப்படங்களில் ரப்பர்த் தோட்டங்களும் ஈயச் சுரங்கங்களும் இடம்பெற்றன. மரத்திலிருந்து பால் வழிந்து கிண்ணத்தில் நிறையும் அழகிய காட்சியை நம்மில் பலர் கண்டிருப்போம். விடியுமுன் எழுந்து அம்மரத்தைச் சீவியவர்களுள் நம் பாட்டன்மாரும் பாட்டிமாரும் இருந்தார்கள். பால் வழிந்தது என்பதோடு நம் தொடர் முடிந்துவிடலாகாது. படம் பெயரைச் சொல்லாத இடத்தில், குடும்பத்தில் எஞ்சியிருக்கும் நினைவும் பழைய ஒளிப்படமும் தோட்டப் பதிவேடும் அதனைச் சொல்லக்கூடும். அவற்றைத் தேடிச் சேர்க்கும் பணியை மாணவர்கள் இன்றே தொடங்கலாம். சொல்லக்கூடிய முதியவர்கள் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள்.